தாடிச் சாமிக்கு ஒரு சேவல்

எங்கள் வீட்டுச் சாமி மூலையில் கிரேக்க நாட்டுக்காரர் ஒருவர் சில வருடங்கள் குடியிருந்தார். பிள்ளையாருக்கு வலப்பக்கம், முருகனுக்குக் கொஞ்சம் கீழே. வெள்ளிக்கிழமைகளில் மற்றச் சாமிகளுக்கு உள்ள பூவும் பொட்டும் அவருக்கும் உண்டு. இதைச் சொன்னால் கண்டியில் என்னோடு வேலை பார்க்கிறவர்கள் நான் கதை விடுகிறேன் என்கிறார்கள். கதை விடுவதென்று முடிவு செய்தால் இதைவிட நம்பும்படியாக விடமாட்டேனா?

அப்போது நாங்கள் கலஹாப் பக்கம் ஒரு தோட்டத்தில் இருந்தோம். தொழிலாளர்களுக்கென்று ஒட்டி ஒட்டிக் கட்டிய லயத்தில் கடைசிக் காம்பரா எங்களுடையது. அப்பாவுக்குத் தேயிலை ஸ்டோரில் மெசின் வேலை. அம்மா கொழுந்து பறிக்கப் போவாள். அப்பாவைப் பெற்றவர்கள் நேரத்தோடு போய்ச் சேர்ந்துவிட்டதால் தம்பியையும் தங்கையையும் அவர்தான் தகப்பனாக இருந்து வளர்த்தார். அந்தத் தம்பிதான் என் சித்தப்பா, எங்கள் லயத்திலிருந்து பல்கலைக்கழகத்துக்கு, அதாவது கம்பஸுக்குப் போன முதல் ஆள். தங்கை, என் அத்தை. ஏ.எல். பரீட்சை பாஸ் பண்ணிவிட்டுத் தோட்டத்துப் பாலர் வகுப்பில் சின்னப் பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தார். ஆசிரியர் கலாசாலைக்குப் போய் முறையாகப் படித்து டீச்சராக வேண்டும் என்பது அவருடைய ஒரே ஆசை. தலை சீவிவிடும்போது, சோறு ஊட்டும்போது, கிணற்றடியில் துணி அலசும்போது என்று அந்த ஆசையை அதிகம் கேட்டவள் நான்தான். கேட்டுக் கேட்டுச் சலித்துப்போய், சீக்கிரம் போய்த் தொலையேன் என்றுகூடச் சொல்லியிருக்கிறேன்.

சித்தப்பா படித்தது மெய்யியல். அதைப் படித்தால் என்ன வேலை கிடைக்கும் என்று தோட்டத்தில் யாருக்கும் தெரியவில்லை. அப்பாவிடம் கேட்பவர்களுக்கு அவர், "அது ரொம்பப் பெரிய படிப்பு" என்று மட்டும் சொல்லிவிட்டு மழையைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிடுவார். சனிக்கிழமைகளில் சித்தப்பா பேராதனையிலிருந்து கலஹா பஸ் ஏறி வருவார். சாப்பிட உட்கார்ந்தால் அந்த வாரம் படித்த ஆட்களைப் பற்றிச் சொல்லுவார். ஒருத்தர் பீப்பாய்க்குள்ளே குடியிருந்து, பட்டப்பகலில் விளக்கைக் கொளுத்திக்கொண்டு சந்தைக்குள் போய் ஒரு நல்ல மனுஷனைத் தேடினாராம். "மண்ணெண்ண விக்கிற வெலைக்கா?" என்றார் அப்பா. இன்னொருத்தர் கண்ணால் பார்ப்பது காதால் கேட்பது எல்லாவற்றையும் சந்தேகப்பட்டுப் பார்த்து, சந்தேகப்படுகிற நான் ஒருத்தன் இருக்கிறேன் என்பது மட்டும்தான் நிச்சயம் என்று கண்டுபிடித்தாராம். "நம்ம கங்காணி மாதிரி ஆளு போல. ஒருத்தரையும் நம்ப மாட்டாரு" என்றாள் அம்மா. ஓடுகிற ஆற்றில் இரண்டாவது தடவை இறங்கினால் அது அதே ஆறு இல்லை என்று ஒருவர் சொன்னாராம். ஏன், வழுக்குமா என்று கேட்டது நான். சித்தப்பா சிரித்துச் சிரித்துப் புரையேறித் தண்ணீர் குடித்தார். எங்கள் வீட்டில் உலகத்து ஞானிகளுக்குக் கிடைத்த மரியாதை அவ்வளவுதான்.

இப்படி இருக்கும்போது ஒரு சனிக்கிழமை அவர் ஒரு தலையோடு வந்து இறங்கினார்.

இடுப்பில் கட்டுகிற சாரத்தில் சுற்றி, பிள்ளையைத் தூக்குவதுபோல் இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு வந்தார். பிரித்தால், வெள்ளைச் சுண்ணாம்பில் செய்த ஒரு கிழவர். வழுக்கை, சப்பை மூக்கு, பிதுங்கிய கண், நெஞ்சு வரைக்கும் சுருள் சுருளாகத் தாடி. பஸ்ஸில் ஒரு அம்மா சாமி சிலை என்று நினைத்து எழும்பி இடம் கொடுத்தாராம். சித்தப்பாவும் நிற்க முடியாமல் உட்கார்ந்துகொண்டாராம். கம்பஸில் இந்தக் கிழவருடைய வழக்கை நாடகமாகப் போட்டிருந்தார்கள். நாடகம் முடிந்ததும் தலையைக் குப்பையில் போடப் போனார்களாம், இவர் மனசு கேட்காமல் வாங்கிக்கொண்டு வந்துவிட்டார். நாடகத்தில் சித்தப்பாவுக்கு என்ன வேஷம் என்று கேட்டேன். கூட்டத்தோடு நின்று, இவரைக் கொல்லலாம் என்று கை தூக்குகிற வேஷம். பேச்சு ஒன்றும் இல்லை.

"யாரு தம்பி இது?" என்று அம்மா கேட்டாள். சித்தப்பா, சோக்கிரட்டீஸ் என்றார். பிறகு சோற்றைப் பிசைந்துகொண்டே முழுக் கதையையும் சொன்னார். அந்தக் கிழவர் காசுக்காகப் படிப்பித்தவர் இல்லை, ஒன்றும் எழுதி வைத்தவரும் இல்லை. காலையில் எழும்பிச் சந்தைப்பக்கம் போவார். சண்டை போடுகிறவனைப் பிடித்து வீரம் என்றால் என்ன என்று கேட்பார். தீர்ப்புச் சொல்கிறவனைப் பிடித்து நீதி என்றால் என்ன என்று கேட்பார். அவன் ஒரு பதில் சொன்னால் அதிலிருந்து இன்னொரு கேள்வி கேட்பார். கடைசியில் பெரிய மனுஷனெல்லாம் தனக்கு ஒன்றும் தெரியாது என்று தெரிந்து முகம் கறுத்துப் போவான். எனக்கும்தான் தெரியாது, வாங்க சேர்ந்து யோசிப்போம் என்பாராம் கிழவர். இப்படியே கேட்டுக் கேட்டு ஊர்ப் பெரியவர்களின் வாயில் விழுந்துவிட்டார். இளம் பிள்ளைகளைக் கெடுக்கிறான், ஊர்ச் சாமிகளை மதிக்கவில்லை என்று வழக்குப் போட்டார்கள். விஷம் குடிக்க வேண்டும் என்று தீர்ப்பாயிற்று. தப்பி ஓடக் கூட்டாளிகள் வழி செய்து வைத்தும் அவர் போகவில்லை. மனுஷருடைய யோசனை அதன் பிறகு பழைய மாதிரி இருக்கவில்லை, இன்றைக்கு வரைக்கும் உலகத்தில் யாராவது 'ஏன் அப்படி?' என்று கேட்டால் அதில் இவருக்குப் பங்கு இருக்கிறது என்று சித்தப்பா சொன்னார். எனக்கு அந்த இடம் விளங்கவில்லை. நான் ஒரு நாளைக்கு எத்தனை தடவை ஏன் என்று கேட்டு அடி வாங்குகிறேன், அதில் இவர் பங்கு எங்கே வந்தது?

அம்மாவுக்கோ விஷக் கோப்பை வந்ததிலிருந்து சோறு இறங்கவில்லை. "ஒரு குத்தமும் செய்யாதவரையா குடிக்க வச்சாங்க? அடப் பாவிங்களா" என்று திரும்பத் திரும்பச் சொன்னாள். சித்தப்பா அதோடு நிறுத்தியிருக்கலாம். கடைசி நேரத்தில் அவர் என்ன சொன்னார் என்பதையும் சொல்லித் தொலைத்தார்.

உடம்பு குளிர்ந்துகொண்டு வரும்போது கிழவர் முகத்தை மூடியிருந்த துணியை விலக்கி, சாமிக்கு ஒரு சேவல் கொடுக்கவேண்டியது பாக்கி இருக்கிறது, மறந்துவிடாமல் கொடுத்துவிடுங்கள் என்று கூட்டாளியிடம் சொன்னாராம். அதற்குப் பிறகு பேச்சு இல்லை.

அம்மா எச்சில் கையோடு எழும்பிவிட்டாள். "சேவல் நேந்துக்கிட்டவரா? அப்ப நம்ம ஆளு மாதிரியில்ல இருக்காரு!"

எங்கள் ஆட்களுக்கு இதில் யோசிக்க ஒன்றுமில்லை. நியாயமில்லாமல் சாகடிக்கப்பட்டவர் சும்மா போய்விட மாட்டார், அவரைக் கூப்பிட்டு வைத்துக் கும்பிட வேண்டும். எங்கள் தோட்டத்து எல்லையில் மரத்தடியில் நிற்கிற முனியும் ஒரு காலத்தில் செய்யாத திருட்டுக்காக அடித்துக் கொல்லப்பட்ட ஆள்தான் என்பார்கள். அப்படிச் செத்த ஒருத்தர், அதுவும் நேர்த்தி முடிக்காமல் செத்தவர், தானாகப் பஸ் ஏறி வீடு தேடி வந்திருக்கிறார். அவரை அலுமாரிக்கு மேலே பழைய பெட்டியோடு போடுவதா? அம்மா அன்றைக்கே மூலையைக் கூட்டி, மணைப்பலகை போட்டு, மஞ்சள் தெளித்து, கிழவருடைய நெற்றியில் பெரிதாகக் குங்குமம் வைத்துவிட்டாள். சிவபெருமானும் நஞ்சு குடித்தவர்தானே என்று பக்கத்துக் காம்பராப் பெரியம்மாவும் வந்து கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

சித்தப்பா தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "அண்ணி, அவரு சாமியில்ல அண்ணி. சாமியப் பத்தியே கேள்வி கேட்டவரு."

"கேட்டா கேக்கட்டும். நானுந்தான் முருகன ஏன்டா என்னைய இப்பிடிச் சோதிக்கிறன்னு தெனமும் கேக்குறேன்."

"அந்தச் சேவல அவரு கூட்டாளிங்க அப்பவே குடுத்திருப்பாங்க."

"குடுத்தத யாரு பாத்தா?" என்றாள் அம்மா.

அடுத்த செவ்வாய்க்கிழமை நாங்கள் வளர்த்த சிவப்புக் கொண்டைச் சேவல் முனி கோவிலுக்குப் போயிற்று. பூசாரி யார் பெயருக்கு என்று கேட்டார். அம்மாவுக்குப் பெயர் வாயில் நுழையவில்லை. "விஷங்குடிச்ச ஐயா ஒருத்தரு பேருக்கு" என்றாள். எத்தனையோ பேர் அவரைப் படித்திருப்பார்கள், அவரைப் பற்றிப் பேசிப் பட்டம் வாங்கியிருப்பார்கள். அந்த நேர்த்தி முடிந்ததா என்று கவலைப்பட்டுச் சேவல் பிடித்துக்கொண்டு போனது எனக்குத் தெரிந்து என் அம்மா ஒருத்திதான். இன்றைக்கும் அதை நினைத்தால் எனக்குப் பெருமையாகத்தான் இருக்கிறது. சேவல் குழம்பும் நன்றாக இருந்தது.

லயத்துக்குள் விஷயம் பரவிவிட்டது. தாடிச் சாமி என்று பெயரும் வந்துவிட்டது. வெள்ளிக்கிழமை பெண்கள் வந்து நின்று மகனுக்கு வேலை வேண்டும், புருஷன் குடியை விடவேண்டும் என்று கேட்க ஆரம்பித்தார்கள். சித்தப்பாவுக்குப் பொறுக்கவில்லை. அவர் ஒன்றும் தரமாட்டார், தனக்கு ஒன்றும் தெரியாது என்று சொன்னவர் அவர், அவரிடம் போனால் நம்மைத்தான் கேள்வி கேட்பார், உண்மையைச் சொல்ல வைப்பார், அவ்வளவுதான் என்று ஒரு நாள் எல்லோருக்கும் விளக்கினார். "ஒண்ணுந் தெரியாதுன்னு சொல்ற சாமிய இப்பத்தான்டாப்பா பாக்குறேன்" என்று பெரியம்மா மூக்கின் மேல் விரல் வைத்தார். ஆனாலும் உண்மையைச் சொல்ல வைப்பார் என்றது மட்டும் பிடித்துக்கொண்டது. அந்தப் பிதுங்கின கண்ணுக்கு முன்னால் யாருக்குத்தான் பொய் வரும்? யாரோ அடுக்கி வைத்த விறகை யாரோ எடுத்துவிட்டார்கள் என்று வந்த சண்டையில் இரண்டு பேரையும் அம்மா கிழவருக்கு முன்னால் நிறுத்தினாள். சூடத்தைக் கொளுத்தியதுமே ஒருத்தி அழுதுகொண்டு ஒத்துக்கொண்டாள். அதற்குப் பிறகு தாடிச் சாமிக்கு முன்னால், எரிகிற சூடத்துக்கு முன்னால் சொன்னது சொன்னதுதான் என்று எங்கள் லயத்தில் சட்டமாயிற்று.

அந்த வருடம் அத்தைக்கு ஆசிரியர் கலாசாலையில் இடம் கிடைத்தது. அதே மாதம் கம்பளையிலிருந்து மாப்பிள்ளையும் வந்தது.

மாப்பிள்ளை வீட்டுக்காரர்களுக்குக் கம்பளை டவுனில் இரும்புச் சாமான் கடை. நல்ல மனுஷர்கள் என்று எல்லோரும் சொன்னார்கள். ஒன்றுமே கேட்கவில்லை, பெண்ணை மட்டும் அனுப்பினால் போதும் என்றார்கள். ஆனால் கல்யாணத்துக்குப் பிறகு படிப்பும் வேலையும் வேண்டாம், கடையையும் வீட்டையும் பார்த்துக்கொண்டால் போதும் என்றும் சொல்லி அனுப்பினார்கள். அப்பாவுக்கு அது குறையாகவே படவில்லை. லயத்தில் பிறந்த தங்கை டவுனில் கல்வீட்டில் இருக்கப் போகிறாள், காலையில் அட்டை கடிக்க மலையேறத் தேவையில்லை. பெற்றவர்கள் இல்லாத பிள்ளையைக் கரை சேர்த்துவிட்டோம் என்று அவருக்கு மனசு நிறைந்திருந்தது. அவரைக் குற்றம் சொல்ல எனக்கு இப்போதும் வாய் வரவில்லை. ஆனால் அத்தையிடம் ஒரு வார்த்தை கேட்கவேண்டும் என்று அவருக்குத் தோன்றவே இல்லை. எங்கள் ஆட்களிடம் அப்போது கேட்கிற வழக்கமும் இல்லை. பெண் தலையைக் குனிந்தால் சரி என்று அர்த்தம். அத்தை பெரியண்ணனுக்கு முன்னால் எப்போதுமே தலையைக் குனிந்துதான் நிற்பார்.

சின்னண்ணனான சித்தப்பாவிடம் கேட்டுப் பார்த்தார். மலைத் தண்ணீர் விழுகிற பீலியடியில் நான் கால் கழுவிக்கொண்டிருந்தேன், அதனால் எனக்குத் தெரியும்.

"நீங்க சொன்னா பெரியண்ணே கேப்பாரு. ஒரு வார்த்த சொல்லுங்கண்ணே."

சித்தப்பா வாளி நிரம்பி வழிவதையே பார்த்துக்கொண்டு நின்றார். "நான் எப்பிடிடி சொல்றது? அவரு இல்லாட்டி நான் இந்தப் படிப்புப் படிச்சிருப்பேனா? அவரு மொகத்தப் பாத்து என்னால முடியாதும்மா."

அத்தை வாளியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். பரிசம் போடுகிற ஞாயிற்றுக்கிழமையும் குறித்தாகிவிட்டது. வெற்றிலைத் தட்டு மாறிவிட்டால் பிறகு பேச்சு மாறக்கூடாது, மாறினால் இரண்டு குடும்பத்துக்கும் தலைகுனிவு. அது எங்கள் ஆட்களின் சட்டம்.

சனிக்கிழமை பின்னேரம் அத்தை என்னை மடியில் இருத்தித் தலை பின்னினார். வழக்கத்தைவிட இறுக்கிப் பின்னினார், எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அப்போதுதான் அந்த விஷயத்தைச் சொன்னார்.

"தாடிச் சாமிக்கு ஒரு மொற இருக்குதாம், தெரியுமா? சித்தப்பா சொன்னாரு."

"என்னா மொற?"

"வீட்டுல நல்ல காரியம்னா பெரியவங்க எல்லாங் கும்புட்டு முடியணும். சூடம் எரியிறப்ப சின்னப் புள்ள ஒண்ணு கேள்வி கேக்கணும். யாருக்கு நல்ல காரியமோ அவங்களப் பாத்து, 'ஒங்களுக்கு இது புடிச்சிருக்கா'ன்னு. அவ்வளவுதான்."

"நானா கேக்கணும்?"

"நீதான். ஒன்னையத்தான் சாமிக்குப் புடிக்குமாம். நீதான எப்பப் பாத்தாலும் ஏன் ஏன்னு கேக்குற." பிறகு என் காதுக்குக் கிட்டே குனிந்து, முன்கூட்டியே வெளியில் சொன்னால் பலிக்காது, அம்மாவிடம்கூட மூச்சு விடக்கூடாது என்றார். எனக்குத் தலைகால் புரியவில்லை. இவ்வளவு காலமும் ஏன் என்று கேட்டதற்கு அடிதான் கிடைத்திருக்கிறது. அதற்கென்று ஒரு சாமி இருக்கிறார், அவர் என்னைத் தேர்ந்தெடுத்தும் இருக்கிறார்! படுக்கும்போதுகூட வாய்க்குள்ளேயே அந்தக் கேள்வியைச் சொல்லிப் பார்த்துக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை கம்பளையிலிருந்து வேன் நிறைய ஆட்கள் வந்தார்கள். அவர்கள் உட்காரக் கதிரைகளைத் தோட்டத்தில் குழந்தைகளைப் பார்த்துக்கொள்கிற பிள்ளைக் காம்பராவிலிருந்தும் கிளாக்கர் ஐயா வீட்டிலிருந்தும் சித்தப்பாதான் தூக்கிக்கொண்டு வந்து போட்டார். அன்றைக்கு முழுவதும் கதிரை தூக்குவதைத் தவிர அவர் வேறொன்றும் செய்யவில்லை. யாரும் கேட்காத கதிரையைக்கூட இடம் மாற்றி மாற்றி வைத்தார். மாப்பிள்ளை மெல்லிசாக மீசை வைத்துக்கொண்டு, கேசரித் தட்டைப் பார்த்தபடி அடக்கமாக உட்கார்ந்திருந்தார். அவருடைய அம்மா மட்டும் கலகலவென்று பேசினார். உள்ளே வந்ததும் வராததுமாகச் சாமி மூலையைப் பார்த்துவிட்டார்.

"இது எந்தூருச் சாமிங்க? நான் எங்கயுமே பாத்ததில்லையே."

அம்மாவுக்கு இதற்கு மேல் என்ன வேண்டும்? சந்தை, கேள்வி, வழக்கு, விஷக் கோப்பை என்று ஒன்று விடாமல் சொன்னாள். தன் சேவலையும் சொன்னாள். இவருக்கு முன்னால் சூடம் எரியும்போது யாரும் பொய் சொல்ல முடியாது என்பதையும் சொன்னாள். கம்பளை அம்மா கேட்டுக் கேட்டு, "பாவம், நல்ல மனுசன்" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

தட்டுகள் வந்தன. வெற்றிலை, பாக்கு, தேங்காய், பழம், பட்டுச் சேலை. அப்பா எழும்பி நின்று, "எல்லாருக்கும் சம்மதந்தானே?" என்று கேட்டார். ஆம்பிளைகள் பக்கம் பார்த்துத்தான் கேட்டார். மாப்பிள்ளையின் தாய்மாமன் தலையாட்டினார். எங்கள் கங்காணி தலையாட்டினார். அப்பாவின் பார்வை வந்தபோது சித்தப்பாவும் தலையாட்டினார்.

தட்டு மாற்றுவதற்கு முன்னால் ஒரு தடவை கும்பிட்டுவிடலாம் என்று அம்மா சூடத்தைக் கொளுத்தினாள். எல்லோரும் மூலைக்கு முன்னால் நெருக்கியடித்து நின்றார்கள். நான் முன் வரிசையில். அத்தை புதுச்சேலையும் தலை நிறையப் பூவுமாக எனக்குப் பின்னால் வந்து நின்று, என் தோளில் கை வைத்தார். அந்தக் கை நடுங்கிக்கொண்டிருந்தது. வளையல் எல்லாம் ஒன்றோடொன்று முட்டிச் சத்தம் கேட்டது. சூடம் நன்றாகப் பற்றி எரிந்தது. அந்தக் கை என் தோளை ஒரு தரம் அழுத்தியது.

நான் திரும்பி, பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் ஒப்புவிக்கிற குரலில் கேட்டேன்: "அத்தே, ஒங்களுக்கு இது புடிச்சிருக்கா?"

அப்பா "ஏய்!" என்று கையை ஓங்கினார். கம்பளை அம்மாதான் சிரித்துக்கொண்டே தடுத்தார். "விடுங்க, புள்ளதான கேக்குது. சொல்லும்மா, சாமிக்கு முன்னாடி நல்ல வார்த்தையா ஒண்ணு சொல்லு." ஒரு வெட்கச் சிரிப்பு வரும், ம் என்று ஒரு முனகல் வரும் என்று அவர் எதிர்பார்த்திருப்பார். எல்லோரும் அதைத்தான் எதிர்பார்த்தார்கள்.

"புடிக்கல" என்றார் அத்தை.

தலை குனிந்துதான் இருந்தது. ஆனால் குரல் வெளியில் நிற்பவர்களுக்கும் கேட்டது. "மாப்பிள மேல ஒரு குத்தமும் இல்லீங்க. நான் படிக்கணும். டீச்சராகணும். எனக்கு எடங் கெடச்சிருக்கு."

சூடம் இன்னும் எரிந்துகொண்டிருந்தது. அப்பாவின் முகம் போன போக்கை நான் விவரிக்கப் போவதில்லை. அவர் வாயைத் திறக்குமுன் அம்மா அவருடைய கையைப் பிடித்துக்கொண்டாள். "வேணாங்க. சூடத்துக்கு முன்னாடி சொல்லிட்டா. இனிப் பேசக்கூடாது." அம்மா நடித்துச் சொல்லவில்லை. உண்மையாகவே பயந்து சொன்னாள். அவளுக்குத் தாடிச் சாமி மேல் அவ்வளவு நம்பிக்கை.

தட்டு மாறவில்லை. மாப்பிள்ளையின் தாய்மாமன் மட்டும் இரண்டு வார்த்தை சூடாகப் பேசினார். கம்பளை அம்மா அவரை அடக்கிவிட்டு, கொடுத்த தேத்தண்ணியை முழுதாகக் குடித்துவிட்டுத்தான் எழும்பினார். போகும்போது ஒரு தடவை மூலையைத் திரும்பிப் பார்த்தார். பிறகு என் கன்னத்தைப் பிடித்து, "ஒன்னைய மாதிரி ஒண்ணு எங்க வீட்டுல இல்லாமப் போச்சேடி, அந்தக் காலத்துல" என்றார். திட்டுகிறார் என்று நினைத்து நான் அழுதுவிட்டேன். அவர் திட்டவில்லை என்று விளங்க எனக்கும் ஒரு கல்யாணப் பேச்சு வரவேண்டியிருந்தது.

வேன் போனதும் அப்பாவின் கோபம் முழுக்கக் கிழவர் மேல் பாய்ந்தது. அத்தையோடும் என்னோடும் பேச அவருக்கு வாய் வரவில்லை போலிருக்கிறது. "இந்தத் தல வீட்டுல இருந்தா புள்ளைங்க கெட்டுப்போகும். நம்ம சாமிக்கும் மரியாத இல்ல. தூக்கிக் குப்பையில போடு" என்றார். மூலையில் கதிரையை மடக்கிக்கொண்டிருந்த சித்தப்பாவுக்கு, அந்த நேரத்தில், சிரிப்பு வந்துவிட்டது. "அன்னைக்கும் இதே ரெண்டு குத்தந்தாண்ணே சொன்னாங்க" என்றார். அப்புறம் சிரிப்பை நிறுத்தி, "வேணாண்ணே. இவரு இருந்துட்டுப் போகட்டும்" என்றார். அப்பாவை எதிர்த்து அவர் பேசியதை அன்றைக்குத்தான் பார்த்தேன். சுண்ணாம்புத் தலைக்காக வாய் திறந்தவர் ஒரு மணித்தியாலத்துக்கு முன்னால் திறந்திருக்கக் கூடாதா என்று இப்போது எனக்குக் கோபம் வருகிறது. அப்போது சித்தப்பா பெரிய வீரராகத் தெரிந்தார்.

அப்பா தலையைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தார். கொஞ்ச நாளில் அம்மா தூசி தட்டுகிற சாக்கில் மறுபடி முன்பக்கம் திருப்பினாள். அப்பா பார்த்தும் பார்க்காத மாதிரி இருந்தார். அத்தை கலாசாலைக்குப் போகிற அன்றைக்கு டிரங்குப் பெட்டியைத் தோளில் வைத்துக் கலஹா பஸ் நிற்கிற இடம் வரைக்கும் கொண்டு போனவரும் அவரேதான். பஸ் புறப்படும்போது வழியில் சாப்பிட யன்னல் வழியாக ஒரு பார்சல் பணிஸ் வாங்கிக் கொடுத்தார்.

கிழவர் அதற்குப் பிறகும் எங்களோடுதான் இருந்தார். மழைக்கு எங்கள் தகரம் எப்போதும் ஒழுகும். ஒரு ஒழுக்கு சரியாக அவர் தலையில் விழுந்து, முதலில் மூக்குப் போயிற்று, பிறகு தாடி கரைந்தது. உடைந்த சாமியை வீட்டில் வைக்கக்கூடாது என்று அம்மா மஞ்சள் துணியில் சுற்றி, தோட்டத்துக்குக் கீழே ஓடுகிற ஆற்றில் விட்டுவிட்டாள். மகாவலி வழியாக அவர் கடலுக்கே போய்ச் சேர்ந்திருப்பார்.

போன தைப்பொங்கலுக்கு எல்லோரும் கண்டியில் சித்தப்பா வீட்டில் கூடியிருந்தோம். அவர் இப்போது பள்ளிக்கூட வாத்தியார், தலை கிட்டத்தட்டக் கிழவருடைய தலை மாதிரியே ஆகிவிட்டது. அப்பா முன்னறையில் கதிரையிலேயே தூங்கிப்போயிருந்தார். பேச்சுவாக்கில் நான், "நல்ல காரியத்துல சின்னப் புள்ள கேள்வி கேக்கணும்னு ஒரு மொற சொல்லி வச்சீங்களே சித்தப்பா, அது எந்த நாட்டு வழக்கம்?" என்று கேட்டேன்.

சித்தப்பா கண்ணாடியைக் கழற்றிவிட்டு என்னைப் பார்த்தார். "என்னா மொற? நான் எப்பச் சொன்னேன்? அப்பிடி ஒண்ணு எங்கயும் கெடையாதே."

அத்தை அடுப்படியில் தேங்காய் துருவிக்கொண்டிருந்தார். இப்போது அவர் ஒரு பள்ளிக்கூடத்துக்கே அதிபர். அவர் நடையில் வந்தால் பிள்ளைகள் மூச்சு விடாமல் நிற்கும். எங்கள் பேச்சு அவருக்குக் கட்டாயம் கேட்டிருக்கும். திருகுவலையின் சத்தம் ஒரு கணம் நின்றது. பிறகு மறுபடி கேட்டது. அவர் நிமிர்ந்து பார்க்கவில்லை. நானும் அதற்கு மேல் கேட்கவில்லை. அந்தக் கையையே பார்த்துக்கொண்டு நின்றேன். நல்ல உறுதியான கை.

அன்றைக்குச் சூடத்துக்கு முன்னால் என் தோளில் இருந்ததும் அதே கைதான். வளையல் சத்தம் போடுகிற அளவுக்கு அது நடுங்கியபோது எனக்குக் கொஞ்சமும் பயம் வரவில்லை, சந்தோஷமாக இருந்தது. கோவிலில் பெண்களுக்குக் கை நடுங்குவதை நான் பார்த்திருக்கிறேன். அத்தைக்குச் சாமி வந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டேன்.